அலறலுக்குச் சான்றிதழ்

வான்டா ப்ரோகோப் திரைப்படங்களில் மொத்தம் நாற்பத்தேழு முறை செத்தவள். மற்ற நேரங்களில் அமெரிக்காவில் ஏரிக்கரையோரம் இருக்கும் எங்கள் ஈரி நகரத்துப் பன்னிரண்டாம் தெருவில் டிரை கிளீனிங் கடை நடத்தினாள். இரண்டு தொழிலிலும் அவளுக்கு நல்ல பெயர்தான்.

அவள் நடித்த படம் எதுவும் பெரிய கொட்டகையைப் பார்த்ததில்லை. வீடியோ கேசட்டாக வந்து, பெட்ரோல் பங்குகளில் சூயிங்கம்முக்கும் தூண்டில் புழுவுக்கும் நடுவே தொங்கிய சரக்கு அது. 'சலவைக்கடைச் சாத்தான்', 'மூளை கேட்ட பாதிரியார்', 'ரத்தம் குடிக்கும் ஐஸ்கிரீம் வண்டி' என்று பெயர்கள். ஏறக்குறைய எல்லாவற்றையும் எடுத்தவன் லெஸ் மராஸ்கோ. திங்கள் முதல் வெள்ளிவரை பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டுவான்; சனி, ஞாயிறில் வான்டாவைக் கொல்லுவான். ரத்தம் காய்ச்சுவது வான்டாவின் பொறுப்பு. சோளப்பாகு, சிவப்புச் சாயம், பழுப்பு ஏறுவதற்கு ஒரு சிட்டிகை கோக்கோ. கறையை எடுப்பதும் அவளே என்பதால் இயக்குநருக்குச் சௌகரியமாக இருந்தது.

அந்தப் படங்களில் ஒன்று மட்டும் எப்படியோ ஊர் தாண்டி, கடல் தாண்டிப் போய்விட்டது. 1988இல் எடுத்த 'குளத்து மணமகள்'. மணப்பெண் உடுப்பில், வெறுங்காலோடு, உறைந்த குளத்தின்மேல் வான்டா ஓடிவருவாள். காலடியில் பனி உடையும். கழுத்துவரை உள்ளே போவாள். பிறகு ஒரு அலறல், பதினோரு நொடி. அந்த அலறலுக்காகவே ஜெர்மனியில் ஒரு ரசிகர் சங்கம் இருந்தது. ஓசாகாவில் ஒருவர் அதன் ஒலி அலையை முதுகில் பச்சை குத்தியிருந்தார். வருடத்துக்கு ஒருமுறை ஏதாவது ஓட்டல் மண்டபத்தில் ரசிகர்கள் கூடுவார்கள். வான்டா மேசை போட்டு உட்கார்ந்து படங்களில் கையெழுத்திடுவாள். ஒரே ஒரு தடவை அலறிக் காட்டச் சொல்லிக் கெஞ்சுவார்கள். அவளும் அலறிவிட்டு, சாப்பிட்டாயா என்று விசாரிப்பாள்.

கதைப்படி அவள் குளக்கரையிலேயே நின்றுவிட வேண்டும் என்பதும், பனி இரண்டடிக் கனம் இருக்கிறது, பயப்படாமல் நாலு எட்டு உள்ளே வா என்று லெஸ் அன்று காலையில்தான் சொன்னான் என்பதும் ரசிகர்களுக்குத் தெரியும். பனி உடைந்தது விபத்து. கேமராவுக்குப் பின்னால் நின்ற லெஸுக்கே பதினோரு நொடி கை கால் ஓடவில்லையாம். அப்புறம்தான் பாய்ந்து வந்து இழுத்துப் போட்டான். வண்டி பனிச் சகதியில் சிக்கி, ஆஸ்பத்திரி போய்ச் சேர முக்கால் மணி நேரம். இடதுகாலில் இரண்டு விரல்களை எடுத்துவிட்டார்கள். நுரையீரலில் சளி கட்டி பதினைந்து நாள் படுக்கை. அந்தப் பதினைந்து நாளும் லெஸ் பக்கத்து நாற்காலியை விட்டு எழவில்லை.

"அவன் இல்லேன்னா நான் இல்ல" என்று வான்டா எல்லோரிடமும் சொல்லுவாள். இரண்டு வருடம் கழித்து மகள் டெஸ்ஸா பிறந்தபோது லெஸ்தான் ஞானத்தந்தை. அதன்பிறகு அவன் கூப்பிட்ட போதெல்லாம் கடைக் கதவில் பலகையைத் திருப்பிப் போட்டுவிட்டுப் போய்ச் செத்துவிட்டு வருவாள். இப்படி இன்னும் பத்தொன்பது படம்.

இந்த நிலையில்தான் எங்கள் ஊருக்குத் தேசியத் திகில்பட மரபு நிறுவனம் வந்தது.

ஸ்டேட் தெருவில் மூடிக் கிடந்த வங்கிக் கட்டடத்தை எடுத்துக்கொண்டார்கள். பணப்பெட்டக அறையில் ரப்பர் தலைகளை அடுக்கினார்கள். பதினான்கு பேர் வேலைக்கு வந்தார்கள். பதின்மூன்று பேர் முனைவர்கள். மீதி ஒருத்தி, பதிவாளர் டாமரா, அவள்தான் எல்லா வேலையையும் செய்தாள். தலைவர் முனைவர் ப்ரெஸ்டன் வைல்டி. அவர் வாயில் 'படம்' என்ற சொல் வராது, 'பனுவல்' என்பார். ரத்தத்தை 'சிவப்புச் சொல்லாடல்' என்று எழுதி ஒரு புத்தகமே போட்டிருந்தார். இருட்டு ஒத்துக்கொள்ளாது என்பதால் விளக்கைப் போட்டு, சத்தத்தை நிறுத்தி, மதிய உணவுக்குப் பிறகே பனுவல்களைப் பார்ப்பாராம்.

வான்டாவை 'வாழும் மரபு' ஆக வகைப்படுத்த விரும்புவதாக நிறுவனத்திலிருந்து கடிதம் வந்தது. கடிதத்தைக் கடைக் கண்ணாடியில் ஒட்டி வைத்தாள். கடைக்கு வந்தவர்கள் எல்லாரும் கைகொடுத்தார்கள். அன்று மாலை பாதிரியார்கூடத் தம் அங்கியை வாங்க வந்த இடத்தில், இவ்வளவு நாளாக இப்படி ஒரு தொழில் செய்கிறாய் என்று தெரியாதே என்று சொல்லிவிட்டுப் போனார்.

வகைப்படுத்த வேண்டுமானால் முதலில் மரணச் சரிபார்ப்புக் குழு கையெழுத்திட வேண்டும். ஒவ்வொரு மரணத்துக்கும் ஒரு விண்ணப்பம். ஆயுதம், தேதி, உடனிருந்தவர்கள். மரணம் முழுமையானதா, பகுதியா, இரண்டாம் பாகத்தில் ரத்தானதா. கடையை மூடிய பிறகு கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து மூன்று வாரம் நிரப்பினாள். தலை வெட்டப்பட்ட பிறகும் உடம்பு எழுந்து நடந்த ஒரு படத்தில் மரணத்தை எந்த நிமிடத்தில் வைப்பது என்று குழு இரண்டாகப் பிரிந்து, கடைசியில் அதை அரை மரணமாகக் கணக்கில் எடுத்தது. இன்னொன்றில் பூட்டிய அறைக்குள் தனியாகச் செத்திருந்தாள். சாட்சி யார் என்ற இடத்தில் 'கேமரா' என்று எழுதினாள். கேமரா உயிருள்ள நபர் அல்ல என்று திருப்பி அனுப்பினார்கள். நாற்பத்தேழில் குழு ஏற்றது நாற்பத்து நாலரை.

"மீதி ரெண்டரைக்கு நான் உயிரோட இருக்கேனா?" என்று அவள் டாமராவிடம் கேட்டாள்.

"ஆவணத்துல அப்படித்தான் இருக்கு மேடம். மேல்முறையீடு பண்ணலாம். ஆனா மேல்முறையீட்டுக் குழுவும் அதே ஆளுங்கதான்" என்றாள் டாமரா.

அடுத்தது அலறல் உண்மைத்தன்மைத் துணைக்குழு. வான்டாவைக் கண்ணாடி அறைக்குள் நிறுத்தி, வெளியே மூன்று பேர் காதில் ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார்கள். 1988இல் அலறியபடியே அலறச் சொன்னார்கள். ஏழு தடவை அலறினாள். நடுவில் தொண்டைக்கு மிட்டாய் போட்டுக்கொள்ள அனுமதி கேட்டதற்கு, மிட்டாய் போட்ட அலறலைத் தனியாகப் பதிய வேண்டும் என்றார்கள். ஒருவர், குரலில் இறந்தகாலம் கொஞ்சம் தூக்கலாகத் தெரிகிறது என்று குறித்துக்கொண்டார். முடிவாக, பழைய அலறலில் இருக்கும் ஏதோ ஒரு கூறு இந்த அம்மாளிடம் காணப்படவில்லை, இயக்குநரிடம் விளக்கம் கேட்க வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள்.

வான்டா வீட்டுக்கு வந்து லெஸுக்குத் தொலைபேசினாள். உன்னிடம் கேட்பார்கள், கொஞ்சம் எடுத்துச் சொல்லு என்றாள். தான் பார்த்துக்கொள்வதாக லெஸ் சொன்னான். அவன் எப்போதும் அப்படிச் சொல்வது வழக்கம், அவளும் நம்புவது வழக்கம்.

ஒன்றரை மாதம் கழித்து இரண்டாம் கடிதம் வந்தது. விதி பதினான்கு, உட்பிரிவு இரண்டின்படி வான்டா ப்ரோகோப் 'நிகழ்த்துகலைஞர்' பிரிவிலிருந்து நீக்கப்பட்டு, 'பொருள்களும் விளைவுகளும்' பிரிவுக்கு மாற்றப்படுகிறார். பதிவு எண் 31-ஆ. விவரங்களுக்கு 31-அ பார்க்கவும்.

வான்டாவுக்கு ஒன்றும் புரியவில்லை. கடையை மகளிடம் விட்டுவிட்டு நிறுவனத்துக்குப் போனாள். 31-அ எங்கே என்று கேட்டதற்கு டாமரா எழுந்து, பெட்டக அறைக்குக் கூட்டிக்கொண்டு போனாள்.

கண்ணாடிப் பெட்டிக்குள், வெல்வெட் துணிமேல், ஒரு ரம்பம் இருந்தது. ஏரியில் மீன்பிடிப்பவர்கள் பனியில் துளை போட வைத்திருக்கும் நீள ரம்பம். மரப்பிடியில் எல்.எம். என்று சூடு போட்ட எழுத்து. கீழே பித்தளைத் தகட்டில் இப்படி இருந்தது:

'இயக்குநர் லெஸ் மராஸ்கோ அவர்களின் அன்பளிப்பு. படப்பிடிப்பு நாளன்று விடியுமுன் இயக்குநர் தன்னந்தனியாகக் குளத்தின் பனியை இந்த ரம்பத்தால் அடிப்புறம்வரை அறுத்து, மேலே புதுப்பனி தூவி மறைத்தார். பெண்ணுக்குத் தெரிவிக்கப்படவில்லை. கைக்கடிகாரத்தைப் பார்த்துப் பதினோரு நொடி படமெடுத்த பின்பே அவரை மீட்டார். சுயாதீனத் திகில் சினிமாவின் ஒப்பற்ற இயக்கத் தருணம்.'

வான்டா ஒருமுறை படித்தாள். மூக்குக்கண்ணாடியைப் பையிலிருந்து எடுத்துப் போட்டுக்கொண்டு இன்னொரு முறை படித்தாள். டாமரா ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து போட்டாள். அது காட்சிப்பொருள் நாற்காலி, உட்காரக் கூடாது என்று காவலாளி சொன்னதை டாமரா காதில் வாங்கவில்லை.

செய்தி கேட்டு முனைவர் வைல்டியே இறங்கி வந்தார். வான்டாவின் முகத்தைப் பார்த்து, பிரிவு மாற்றத்தால் வருத்தம் என்று அவர் நினைத்துக்கொண்டார்.

"நீங்க இதைக் குறைவா எடுத்துக்கக் கூடாது மிசஸ் ப்ரோகோப். நடிக்கிறவங்க ஆயிரம் பேர் இருக்காங்க. நீங்க நடிக்கவே இல்ல. அதுதான் உங்க பெருமை. அன்னிக்கு உங்ககிட்ட சொல்லியிருந்தா நீங்க பங்கேற்பாளர் ஆயிருப்பீங்க. சொல்லாததால நீங்க ஊடகம். களிமண் மாதிரி. சிற்பியைப் பாராட்டுறப்ப களிமண்ணையும் நாங்க மறக்கறதில்ல, பாருங்க, எண் கொடுத்திருக்கோம்."

தனக்கு இரண்டு விரல் போயிற்று என்று வான்டா சொன்னாள். அந்த விரல்கள் இப்போது எங்கே இருக்கின்றன என்று அவர் ஆவலோடு கேட்டார். தெரியாது என்றதும் உண்மையிலேயே வருந்தினார்.

"ஒழுக்க நெறியில எங்க நிறுவனம் ரொம்பக் கண்டிப்பானது" என்றும் சொன்னார். "இந்த ரம்பத்தை எடுக்கிறப்ப ஒவ்வொரு தடவையும் கையுறை போட்டுக்கிறோம்."

வான்டா அங்கிருந்து நேராக லெஸ் வீட்டுக்குப் போனாள். லெஸ் அடுக்களையில் பியரோகிக் கொழுக்கட்டை பொரித்துக்கொண்டிருந்தான். அவளைப் பார்த்ததும் இன்னொரு தட்டை எடுத்து வைத்தான். முப்பத்தொரு வருடமாக அந்த வீட்டில் அவளுக்குத் தட்டு கேட்காமல் வரும்.

அவள் உட்காரவில்லை. பெட்டக அறைக்குப் போய்விட்டு வருவதாகச் சொன்னாள். லெஸ் அடுப்பை அணைத்தான்.

"அவங்க கேட்டாங்க வான்டா. அலறல்ல என்ன இருக்குன்னு கேட்டாங்க. எழுபத்தி ரெண்டு வயசுல முதல் தடவையா ஒருத்தன் என்னை உட்காரவச்சு, எப்படி எடுத்தீங்கன்னு கேக்கறான். வாயில வந்துருச்சு."

"என்கிட்ட வாயில வரலியே. பதினஞ்சு நாள் ஆஸ்பத்திரியில பக்கத்துலயே உட்கார்ந்திருந்தியே, லெஸ்."

"பயந்து போய் உட்கார்ந்திருந்தேன். நீ செத்துருவியோன்னு."

"கேட்டிருந்தா நான் சரின்னு சொல்லியிருப்பேன். எந்தப் படத்துல நான் மாட்டேன்னு சொன்னேன்? பனியை அறுத்து வச்சிருக்கேன், விழுன்னு சொல்லியிருந்தா விழுந்திருப்பேன்."

"அதான் வான்டா சிக்கல்" என்றான் லெஸ், மெதுவாக, ஒரு குழந்தைக்குக் கணக்குச் சொல்லித் தருவதைப் போல. "நீ சரின்னு சொல்லிட்டா பயப்பட மாட்டே."

அதில் அவனுக்கு எந்தத் தப்பும் தெரியவில்லை என்பது அவளுக்கு அப்போதுதான் விளங்கிற்று. மன்னிப்புக் கேட்பான் என்று எதிர்பார்த்து வந்திருந்தாள். அவனோ தன் தொழில் ரகசியத்தைப் பகிர்ந்துகொண்ட திருப்தியோடு நின்றான். தட்டை எடுத்து அலமாரியில் திரும்ப வைத்துவிட்டு அவள் வெளியே வந்தாள். வண்டியில் ஏறிக் கால்மணி நேரம் சாவியைப் போடாமல் உட்கார்ந்திருந்ததைப் பக்கத்து வீட்டார் பார்த்திருக்கிறார்கள்.

அக்டோபரில் நிறுவனத்தின் பெருவிழா. லெஸ் மராஸ்கோவுக்கு வாழ்நாள் விருது. விருதை 31-ஆ எடுத்துக் கொடுத்தால் பொருத்தமாக இருக்கும் என்று விழாக்குழு முடிவு செய்து, ஆறு வரிப் பேச்சும் எழுதி அனுப்பியிருந்தது. போகாதே அம்மா என்று டெஸ்ஸா சொன்னாள். போகத்தான் வேண்டும் என்றாள் வான்டா.

பதிவு செய்த காட்சிப்பொருள் என்பதால் அவளுக்குச் சில நிபந்தனைகள் இருந்தன. மணிக்கட்டில் எண் கட்டிய நூல். சிவப்புக் கயிற்றுக்கு உள்ளே நிற்க வேண்டும். சாயம் வெளுத்துவிடும் என்பதால் பளிச்சிடும் விளக்கோடு யாரும் படம் எடுக்கக் கூடாது. கழிப்பறைக்குப் போக டாமராவிடம் இடமாற்றச் சீட்டு வாங்க வேண்டும். டாமரா முன்கூட்டியே ஐந்து சீட்டு எழுதி அவள் கையில் திணித்திருந்தாள்.

நானூறு பேர் வந்திருந்தார்கள். பாதி நன்கொடையாளர்கள், பாதி கறுப்புச் சட்டை போட்ட ரசிகர்கள். முனைவர் வைல்டி நாற்பது நிமிடம் பேசினார். பனி என்பது அறியாமை, ரம்பம் என்பது அறிவு என்றார். இரண்டும் சந்திக்கும் இடத்தில்தான் கலை அலறுகிறது என்றபோது நன்கொடையாளர்கள் கைதட்டினார்கள். ரசிகர்கள் தட்டவில்லை. ரம்பம் விவகாரம் அவர்களில் பலருக்கு அப்போதுதான் தெரியும். ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

வான்டா ஒலிவாங்கி முன்னால் வந்து நின்றாள். எழுதிக் கொடுத்த தாளை நான்காக மடித்தாள்.

"அன்னிக்குக் காலைல ரொம்பக் குளிரு. நான் நடுங்கறதைப் பார்த்துட்டு லெஸ் தன்னோட கையுறையைக் கழட்டி எனக்குக் கொடுத்தான். அது உள்பக்கம் வரைக்கும் நனைஞ்சிருந்துச்சு. காலைல ஆறரை மணிக்கு ஒருத்தன் கையுறை எப்படி நனையும்? நான் கேக்கல. இந்தா வச்சுக்கோன்னு கொடுக்கிறவன்கிட்ட யாரு கேப்பா? என் பொண்ணை அவன் கையில கொடுத்துத்தான் ஞானஸ்நானம் பண்ணினேன். அன்னிக்கு பதினோரு நொடி நான் கூப்பிட்டது கதையில இருக்கிற யாரையும் இல்ல. 'லெஸ், லெஸ்'னுதான் கூப்பிட்டேன். படத்துல கேளுங்க. நல்லாக் கேட்டா பேரு கேக்கும். அவன் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கிட்டிருந்தான்."

அவ்வளவுதான் பேசினாள்.

அப்புறம் யாரோ ஒருவர் எழுந்தார். பின்னால் நால்வர். பிறகு நானூறு பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். முன்வரிசையில் ஒரு அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டே, எப்பேர்ப்பட்ட நடிப்பு, எப்பேர்ப்பட்ட நடிப்பு என்று சொல்லிக்கொண்டிருந்தாள். துணைக்குழுவின் மூவரும் வேக வேகமாகக் குறிப்பெடுத்தார்கள். வான்டா வேண்டாம் என்பது போலக் கையை அசைத்தாள். அதற்கு இன்னும் பலமாகத் தட்டினார்கள்.

லெஸ் மேடையேறி அவளைக் கட்டிக்கொண்டான். அவன் கன்னம் நனைந்திருந்தது. ஒருவேளை இப்போதாவது சொல்லப் போகிறானோ என்று அவள் ஒரு கணம் அசையாமல் நின்றாள்.

"ஐயோ வான்டா" என்று அவள் காதோரம் முணுமுணுத்தான். "இதை எடுக்க ஒரு கேமரா இல்லாம போச்சே."

பத்து நாளில் மூன்றாம் கடிதம் வந்தது. பெருவிழாவில் வெளிப்பட்ட கோபமும் துயரமும் முழுக்க முழுக்க நிகழ்த்தப்பட்டவை என்று நிபுணர்கள் ஒருமனதாகக் கண்டதால், வான்டா ப்ரோகோப் 'முதல்நிலை நிகழ்த்துகலைஞர்' ஆக உயர்த்தப்படுகிறார். சான்றிதழ் இணைக்கப்பட்டுள்ளது. ஆண்டுதோறும் அதே மேடையில், அதே சொற்களில், அதே இடைவெளிகளோடு அந்த நிகழ்வை அவர் மீண்டும் வழங்க வேண்டும்.

வான்டா டாமராவைத் தொலைபேசியில் கூப்பிட்டு, தன்னைப் பதிவேட்டிலிருந்தே எடுத்துவிடச் சொன்னாள். எதற்கும் ஒரு விண்ணப்பம் இருந்தது. பதிவேட்டிலிருந்து ஒன்றை நீக்க நாலே காரணங்களைத்தான் விதி ஏற்றுக்கொள்ளும்: தீயில் எரிந்தது, பூச்சி அரித்தது, பூஞ்சை பிடித்தது, திருடு போனது. எதையாவது ஒன்றைக் குறித்துத் தாருங்கள், நான் முத்திரை வைத்துவிடுகிறேன் என்றாள் டாமரா. வான்டா கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நெடுநேரம் யோசித்து, 'திருடு போனது' என்ற கட்டத்தில் குறியிட்டாள். யாரால் என்ற இடத்தில் லெஸ் மராஸ்கோவின் பெயரை எழுதினாள்.

விண்ணப்பம் முழுமையாக இருந்ததால் குழுவில் யாரும் அதைப் படிக்கவில்லை. கையெழுத்துகள் ஆயின. திருட்டு என்றால் போலீசுக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி, அதுவும் தெரிவிக்கப்பட்டது.

நவம்பரில் ஒருநாள் காலை பதினொரு மணிக்கு, குறிப்பேடும் கையுமாக ஒரு போலீஸ்காரர் கடைக்கு வந்தார். கோவலெஸ்கி என்று பெயர், வேலைக்குப் புதிது. முகவரி சரிதானா என்று பார்த்துக்கொண்டு, என்ன பொருள் திருடு போனது என்று கேட்டார்.

"நான்தான்" என்றாள் வான்டா.

அவர் நிமிர்ந்து பார்த்தார். சிரிக்கலாமா கூடாதா என்று அவருக்குத் தெரியவில்லை. வான்டா கல்லாவைச் சுற்றி வந்து, முக்காலியில் உட்கார்ந்து, நடந்ததைச் சொன்னாள். ரம்பத்தைச் சொன்னாள், கையுறையைச் சொன்னாள், பதினோரு நொடியைச் சொன்னாள். பின்னால் சலவை இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது. மேடையில் சொன்ன அளவுக்குக்கூட அவள் குரல் எழவில்லை. அவர் சிரிக்கவில்லை. கைதட்டவும் இல்லை.

"எப்ப நடந்துச்சுங்க?"

"எண்பத்தெட்டு, பிப்ரவரி. தேதி பதிமூணு."

அவர் பேனாவை எடுத்தார், பிறகு தயங்கினார். "அம்மா, காலம் ரொம்பக் கடந்துருச்சு. வழக்குப் போட முடியாது. எங்களால ஒண்ணும் பண்ண முடியாதுங்க."

"தெரியும் தம்பி" என்றாள் வான்டா. "நீங்க எழுதிக்கிட்டாப் போதும்."

அவர் எழுதிக்கொண்டார்.